விளக்கறைக்குப் போகும் முன்: சொரியாசிஸுக்கு ஒளியும் மருந்தும் சேர்த்து எடுப்பவர்களுக்கு

முதல் வேலையாக ஒரு நாற்பது பக்க நோட்டு வாங்கிக்கொள்ளுங்கள். தேதி, எத்தனையாவது முறை, எவ்வளவு ஒளி, முந்தைய இரவு தோல் எப்படி இருந்தது, இந்த வாரம் என்னென்ன மாத்திரை சாப்பிட்டீர்கள் என்று ஐந்து கட்டம் போட்டுவிடுங்கள். சொரியாசிஸுக்கு ஒளிச் சிகிச்சை தொடங்கப்போகிறேன் என்று யார் வந்து யோசனை கேட்டாலும் நான் இந்த நோட்டிலிருந்துதான் ஆரம்பிக்கிறேன்.

ஒளி ஒரு மருந்து. மற்ற மருந்துகளைப் போலவே அதற்கும் அளவு உண்டு. கூடவே ஒரு மாத்திரையோ களிம்போ சேர்ந்தால் அந்த அளவு மாறிவிடும். மாத்திரை எழுதுபவர் ஒருவர், விளக்கை இயக்குபவர் இன்னொருவர், இடையில் காய்ச்சல் வந்தால் தெருமுனையில் பார்க்கும் மருத்துவர் மூன்றாமவர். இந்த மூன்று பேருக்கும் நடுவே செய்தி கொண்டுபோகிற ஒரே ஆள் நோயாளிதான். நீங்கள் சொல்லாவிட்டால் அவர்களுக்குத் தெரியாது.

நான் மருத்துவன் அல்ல. சென்னைப் பெரம்பூரிலிருந்து போய்வந்து இரண்டு சுற்று ஒளிச் சிகிச்சை எடுத்தவன். பிறகு என் சித்தியையும் கூட்டிக்கொண்டு போயிருக்கிறேன். உங்களுக்கான மருந்தையும் அளவையும் தோல் மருத்துவர்தான் முடிவு செய்ய வேண்டும். அவரிடம் என்ன கேட்பது, எதை மறைக்காமல் சொல்வது, வீட்டில் எதைக் கவனிப்பது என்பதற்கு மட்டும் இந்தக் கட்டுரை.

ஒளி உள்ளே என்ன செய்கிறது

சாதாரணமாகத் தோலின் செல் அடியில் பிறந்து மேலே வந்து உதிர ஏறக்குறைய ஒரு மாதம் ஆகும். சொரியாசிஸில் நம் உடலின் நோய் எதிர்ப்பு அணுக்களே தவறாகத் தூண்டிவிடுவதால் அந்தப் பயணம் சில நாட்களுக்குள் முடிந்துவிடுகிறது. முதிராத செல்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வெள்ளிச் செதிலாக நிற்கின்றன. இது தொற்றாது. ஒரே சோப்பு, ஒரே தட்டு, ஒரே படுக்கை எதனாலும் பரவாது. வீட்டில் இதை முதலிலேயே உரக்கச் சொல்லிவிடுங்கள்.

இன்று பெரும்பாலும் கொடுக்கப்படுவது நேரோபேண்ட் யு.வி.பி. என்ற குறுகிய அலைவரிசைப் புற ஊதா ஒளி. இதன் அலைநீளம் 311 முதல் 313 நானோமீட்டர். ஏன் இந்தக் குறிப்பிட்ட அலை? 290 நானோமீட்டரும் அதற்குக் கீழே உள்ளவையும் தோலைச் சுடுமே தவிர படையைக் குறைக்காது என்று 1981-இல் வெளிவந்த ஓர் ஆய்வு காட்டியது. சுடும் அலைகளைக் கழித்துவிட்டு, குணப்படுத்தும் அலையை மட்டும் தரும் குழல் விளக்குகள் அதன் பிறகு வந்தன. இந்த ஒளி தோலில் கூடியிருக்கும் அந்த எதிர்ப்பு அணுக்களை மடியச் செய்கிறது, செல்களின் அவசரத்தையும் தணிக்கிறது.

மருந்தையும் ஒளியையும் சேர்ப்பது பழைய யோசனைதான். 1925-இலேயே அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் கோக்கர்மன் என்ற தோல் மருத்துவர் நிலக்கரித் தாரைப் பூசி, புற ஊதா ஒளி காட்டி வைத்தியம் செய்தார். 1974-இல் தோலை ஒளிக்குக் கூசச் செய்யும் சோராலென் என்ற மாத்திரையைக் கொடுத்து, யு.வி.ஏ. என்ற இன்னொரு வகைப் புற ஊதா ஒளியில் நிறுத்தும் 'பூவா' முறை பரவலாகத் தெரியவந்தது. பூவாவில் மாத்திரை குமட்டும், கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடி நாள் முழுக்க வேண்டும், பல ஆண்டுகள் எடுத்தால் தோல் புற்றுநோய் அபாயமும் கூடும். கர்ப்பிணிகளுக்கு அது ஆகாது. அதனால் இப்போது முதலில் யு.வி.பி.யைத்தான் சொல்கிறார்கள். இந்தக் கட்டுரையும் அதைப் பற்றியதுதான்.

எங்கே எட்டும், எங்கே எட்டாது

முதுகு, வயிறு, கை, கால் என்று பரவலாக இருக்கும் படைகளுக்கு ஒளி நன்றாக வேலை செய்யும். தலைமுடிக்கு அடியில் ஒளி போகாது. நகத்துக்குள் போகாது. அக்குள், தொடையிடுக்கு போன்ற மடிப்புகளில் சரியாகப் படாது. உள்ளங்கை, உள்ளங்காலில் தோல் தடிமனாக இருப்பதால் கை கால்களுக்கென்று தனிக் கருவி வைத்திருப்பார்கள். பிடிவாதமான இரண்டு மூன்று சிறு படைகளுக்கு 308 நானோமீட்டர் எக்சைமர் விளக்கு உண்டு.

மூட்டுக்கு ஒளி எதுவும் செய்யாது. காலையில் எழுந்ததும் விரல்கள் அரை மணி நேரம் மடங்கவில்லை, ஒரு விரல் முழுவதும் தொத்திறைச்சி போல வீங்குகிறது, குதிகால் குத்துகிறது என்றால் அது சொரியாசிஸ் மூட்டுவாதமாக இருக்கலாம். தோல் தெளிந்துகொண்டே வரும்போது மூட்டு உள்ளுக்குள் கெட்டுக்கொண்டிருக்கக் கூடாது. அதை முதல் நாளே சொல்லுங்கள். மருந்துத் தேர்வே மாறும்.

இடம் பார்ப்பது

வாரத்துக்கு மூன்று முறை, பத்துப் பன்னிரண்டு வாரம். அதாவது முப்பதுக்கும் மேற்பட்ட பயணம். இந்தக் கணக்கை முதலில் மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். ஊரிலேயே பெரிய நிபுணர் என்று அடையாறில் ஒருவரைப் பிடித்துவிட்டு அம்பத்தூரிலிருந்து போய்வர முடியாமல் எட்டாவது முறையோடு நின்றவர்களை எனக்குத் தெரியும். நிபுணரை மாதம் ஒருமுறை பாருங்கள். விளக்கு வீட்டுக்கோ வேலைக்கோ போகும் வழியில் இருக்கட்டும்.

அரசு மருத்துவமனைகளில் சென்ட்ரல் ரயில் நிலையத்துக்கு எதிரே உள்ள ராஜீவ் காந்தி அரசு பொது மருத்துவமனை, பழைய வண்ணாரப்பேட்டைப் பக்கம் ஸ்டான்லி, கீழ்ப்பாக்கம், ராயப்பேட்டை ஆகியவற்றில் தோல் நோய்ப் பிரிவு உண்டு. காலையிலேயே போய் ஓ.பி. சீட்டு வாங்கி, ஒளிச் சிகிச்சைக் கருவி இப்போது இயங்குகிறதா, எந்தெந்தக் கிழமை, எத்தனை மணிவரை என்று கேட்டுவிடுங்கள். சென்ட்ரலுக்கு மெட்ரோவும் மின்சார ரயிலும் வருவதால் தாம்பரத்திலிருந்தோ திருவொற்றியூரிலிருந்தோ வருவதும் முடியாத காரியம் அல்ல. வேலைக்குப் போகிறவர்களுக்கு இருக்கும் ஒரே சிக்கல் காலை நேரம். மாலையில் திறந்திருக்கும் தனியார் தோல் மருத்துவமனைகள் அண்ணா நகர், தியாகராய நகர் பக்கங்களில் நிறைய இருக்கின்றன.

எங்கே போனாலும் நான்கு கேள்விகள் கேளுங்கள். விளக்கு முழு உடலுக்கானதா, பாதி உடலுக்கானதா? அளவை ஒவ்வொரு முறையும் எழுதி வைப்பவர் யார்? கருவியின் ஒளி வலிமையைக் கடைசியாக எப்போது அளந்தார்கள்? ஒரு முறைக்கு எவ்வளவு, மொத்தமாகக் கட்டினால் எவ்வளவு, நடுவில் நிறுத்தினால் மீதி திரும்புமா? மூன்றாவது கேள்விக்கு யாரும் கோபித்துக்கொள்ள வேண்டியதில்லை. குழல்கள் பழசாகப் பழசாக ஒளி குறையும். புதிதாக மாற்றியதும் திடீரென்று கூடும். நல்ல மையத்தில் பதில் தயாராக இருக்கும்.

தொடங்கும் மாதத்தையும் யோசியுங்கள். ஐப்பசி, கார்த்திகையில் தொடங்கினால் மழைக்கு இரண்டு வாரம் போய்விடும். தை பிறந்ததும் தொடங்கினால் கத்திரி வெயிலுக்கு முன் ஒரு சுற்று முடிந்துவிடும். இது என் அனுபவக் கணக்கு. நோய் கடுமையாக இருந்தால் மாதம் பார்க்காதீர்கள்.

முதல் சந்திப்பில் மறைக்காமல் சொல்ல வேண்டியவை

சாப்பிடும் எல்லா மாத்திரைகளின் அட்டைகளையும் ஒரு பையில் போட்டு எடுத்துப் போங்கள். பெயரை நினைவில் வைத்துச் சொல்ல முயல வேண்டாம். இரத்த அழுத்தத்துக்குத் தரும் தயாசைடு வகை, டாக்ஸிசைக்ளின், சிப்ரோஃப்ளாக்சசின், படர்தாமரைக்குத் தரும் கிரிசியோஃபல்வின் முதலியவை தோலை ஒளிக்குக் கூசச் செய்யலாம். லித்தியம், பீட்டா பிளாக்கர் வகை, குளோரோகுயின் போன்றவை சொரியாசிஸையே கிளறிவிடலாம். நீங்களாக எதையும் நிறுத்தாதீர்கள். காட்டுங்கள், அவர் பார்த்துச் சொல்வார்.

லூபஸ் நோய், முன்பு வந்த தோல் புற்றுநோய், சிறு வெயிலுக்கே கொப்புளிக்கும் தோல் இருந்தால் ஒளி ஆகாமல் போகலாம். கர்ப்பமாக இருக்கிறீர்களா, திட்டமிடுகிறீர்களா என்பதையும் சொல்லுங்கள். யு.வி.பி. ஒளியைக் கர்ப்ப காலத்திலும் கொடுக்க முடியும் (ஃபோலிக் அமிலத்தைக் கூடவே கவனித்துக்கொள்வார்கள்). ஆனால் அதோடு சேர்க்கும் மாத்திரைகளில் சில கருவைக் கடுமையாகப் பாதிப்பவை.

சித்த மருந்து எடுத்தால் அதையும் சொல்லுங்கள். நம் ஊரில் பலரும் இங்கேதான் வாயை மூடிக்கொள்கிறார்கள். சித்த மருத்துவம் காளாஞ்சகப்படை என்று சொல்வது இந்த நோயைத்தான். தாம்பரம் சானடோரியத்தில் தேசிய சித்த மருத்துவ நிறுவனம் இருப்பதால் சென்னைக்காரர்கள் இரண்டு பக்கமும் போவது இயல்பு. வெட்பாலை இலையைத் தேங்காய் எண்ணெயில் போட்டு வெயிலில் வைத்து, கருநீலமாக இறங்கும் தைலத்தைப் பூசாத சொரியாசிஸ் நோயாளி தமிழ்நாட்டில் குறைவு. அதைக் கனமாகப் பூசிக்கொண்டு விளக்கின் முன் நின்றால் எவ்வளவு ஒளி தோலுக்குள் போகிறது என்று யாருக்கும் தெரியாது. அதைவிட முக்கியமானது கார்போகரிசி. அதில் இயற்கையாகவே சோராலென் இருக்கிறது. பூவா முறையில் ஒளியைப் பெருக்கித் தரும் அதே பொருள் குடும்பம். கார்போகரிசி சேர்ந்த எண்ணெயையோ சூரணத்தையோ சொல்லாமல் பயன்படுத்தினால் தோல் வெந்துபோகலாம். எந்த மருத்துவரும் திட்டுவாரே என்று பயந்து இதை மட்டும் மறைத்துவிடாதீர்கள்.

எந்த மருந்தோடு, எப்படி

களிம்பு மட்டும் சேர்வது எளிய வகை. கால்சிபோட்ரியால் களிம்பு ஒளி பட்டால் சிதைந்துவிடும். அதனால் விளக்குக்குப் பிறகு பூச வேண்டும். சாலிசிலிக் அமிலம் கலந்த களிம்பு யு.வி.பி.யை உறிஞ்சிக்கொள்ளும், பூசிக்கொண்டு போனால் பணமும் நேரமும் வீண். தார் பூசினால் நன்றாகக் கழுவிவிட்டுப் போங்கள். மொத்தத்தில், காலையில் விளக்கு என்றால் களிம்பெல்லாம் அதன் பிறகோ இரவிலோ.

மெத்தோட்ரெக்சேட் என்ற மாத்திரையை ஒளியோடு சேர்த்தால் இரண்டும் சேர்ந்து படையை வேகமாகக் குறைக்கும். முறைகளின் எண்ணிக்கையும் குறையலாம். இந்த மாத்திரையில் ஒரு விஷயத்தைக் கல்லில் செதுக்கியது போல மனதில் வையுங்கள்: இது வாரத்துக்கு ஒரு நாள். தினமும் அல்ல. தவறுதலாகத் தினமும் சாப்பிட்டு எலும்பு மஜ்ஜை பாதித்து உயிரையே இழந்தவர்கள் உலகெங்கும் உண்டு. என் வீட்டில் அட்டையின் மேல் 'ஞாயிறு' என்று சிவப்பு மையில் எழுதி, மற்ற மருந்துகளோடு வைக்காமல் அரிசி டின்னுக்குப் பக்கத்தில் தனி டப்பாவில் வைத்தோம். ஃபோலிக் அமிலம் வேறு நாளில். தொடங்கும் முன்பும் இடையிலும் இரத்த அணுக்கள், கல்லீரல், சிறுநீரகப் பரிசோதனைகள் உண்டு. காசநோய், மஞ்சள் காமாலை வைரஸ் சோதனைகளும் செய்வார்கள். மது கூடவே கூடாது. கோட்ரைமாக்சசோல் என்ற கிருமிக்கொல்லி இதோடு சேரவே கூடாது. காய்ச்சலுக்கு வேறு மருத்துவரிடம் போனால் மெத்தோட்ரெக்சேட் சாப்பிடுவதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள். வாய்ப்புண், காய்ச்சல், காரணமில்லாத இரத்தக் கசிவு, வறட்டு இருமல் வந்தால் அடுத்த மாத்திரையைப் போடாமல் உடனே மருத்துவமனைக்குப் போங்கள். குழந்தைக்குத் திட்டமிடும் ஆண்களும் பெண்களும் முன்கூட்டியே பேச வேண்டிய மருந்து இது.

அசிட்ரெடின் என்ற மாத்திரை ஒளியோடு மிக நன்றாகச் சேரும். செதிலை மெலியச் செய்வதால் குறைந்த ஒளியே போதும். அதனாலேயே ஆபத்தும்: ஒளிச் சிகிச்சையின் நடுவில் இந்த மாத்திரையைத் தொடங்கினால் ஒளியின் அளவைக் கணிசமாக, பெரும்பாலும் பாதியளவுக்கு, குறைக்க வேண்டும். விளக்கறையில் சொல்லாமல் நின்றால் சுட்டுவிடும். என் சித்திக்கு அறுபது வயதானதால் இந்த மருந்தைக் கொடுத்தார்கள். குழந்தை பெறும் வயதில் உள்ள பெண்களுக்குப் பொதுவாகக் கொடுப்பதில்லை. நிறுத்திய பிறகும் மூன்று ஆண்டுகள் கருத்தரிக்கக் கூடாது. சாப்பிடும் காலத்திலும் பிறகு மூன்று ஆண்டுகளும் இரத்ததானம் கூடாது. உதடு வெடிக்கும், இரத்தத்தில் கொழுப்பும் கல்லீரல் நொதிகளின் அளவும் ஏறலாம். இரத்தப் பரிசோதனை தவறக் கூடாது.

நோய் எதிர்ப்பை அடக்கும் சைக்ளோஸ்போரின் என்ற மருந்தை ஒளியோடு சேர்ப்பதைத் தவிர்ப்பார்கள். இரண்டும் சேர்ந்தால் தோல் புற்றுநோய் அபாயம் கூடும் என்பதே காரணம்.

இன்னொன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். 'ஒரே ஊசியில் போய்விடும்' என்று போடப்படும் ஸ்டீராய்டு ஊசிக்கும், பெயர் தெரியாத பொட்டலத்தில் தரும் மாத்திரைக்கும் போகாதீர்கள். பத்து நாள் தோல் பளபளக்கும். நிறுத்தியதும் உடல் முழுக்கச் சிவந்து, சீழ்க் கொப்புளங்களோடு மருத்துவமனையில் படுக்க நேரலாம். ஒளிச் சிகிச்சைக்கு வருகிறவர்களில் பலர் அந்த வழியைச் சுற்றிவிட்டுத்தான் வருகிறார்கள்.

பெட்டிக்குள் முதல் நாள்

குளித்து, மஞ்சள், சந்தனம், பவுடர், சென்ட் எதுவும் இல்லாமல் போங்கள். சில வாசனைப் பொருட்கள் ஒளி பட்ட இடத்தில் கறுப்பாக நின்றுவிடும்.

கருவி ஆளுயர அலமாரி போல இருக்கும். கதவைச் சாத்தியதும் நாலா பக்கமும் வெள்ளைக் குழல்கள், தலைக்கு மேல் ஒரு விசிறி. செவிலியர் கறுப்புக் கண்ணாடி தருவார். அதை மாட்டிக்கொண்டு கண்ணையும் மூடிக்கொள்ளுங்கள். முகத்தில் படை இல்லை என்றால் முகத்துக்குத் துணி. ஆண்களுக்குப் பிறப்புறுப்பை மூடியே தீர வேண்டும். குழல்கள் 'ங்ங்' என்று உயிர்பெறும்போது மூடிய இமைக்குள்ளும் ஒரு நீலம் தெரியும். கார்த்திகை தீபத்தன்று அகல்வரிசைக்குப் பக்கத்தில் நிற்பது போன்ற இளஞ்சூடு, அவ்வளவுதான். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன்; விட்டு முடிப்பதற்குள் விளக்கு அணைந்துவிட்டது. முதல் நாள் ஒரு நிமிடம்கூட ஆகாமல் போகலாம். இதற்காகவா இவ்வளவு தூரம் வந்தோம் என்று தோன்றும். அது சரியான அளவுதான்.

நம் நிறத் தோலுக்குப் பல இடங்களில் சதுர சென்டிமீட்டருக்கு 280 மில்லி ஜூல் (ஒளியின் அளவைச் சொல்லும் அலகு) போலத் தொடங்கி, ஒவ்வொரு முறையும் 10 முதல் 20 சதவீதம் ஏற்றுவார்கள். 15 சதவீதம் என்று வைத்துக் கணக்குப் போட்டுப் பாருங்கள்: பத்தாவது முறையில் ஏறத்தாழ 985. முதல் நாளைவிட மூன்றரை மடங்கு. பழகிய தோல் அதைத் தாங்கும். பழகாத தோல் தாங்காது. அடுத்து வருவதெல்லாம் இந்த ஒரு கணக்கிலிருந்து பிறப்பவை.

பழகாத தோலை வெளியே காட்டாதீர்கள்

பதினான்காவது முறைக்கு நான் வேறு உள்ளாடை போட்டுக்கொண்டு போனேன். வழக்கமானதைவிடத் தொடையில் இரண்டு விரல் அளவு குட்டையானது. அன்று இரவு அந்த இரண்டு விரல் பட்டை மட்டும் அடுப்புத் திட்டில் வைத்ததுபோல் எரிந்தது. மறுநாள் காலை லுங்கி உரசினாலே துள்ளியது. பதின்மூன்று முறை மூடியிருந்த தோல், ஒரே நாளில் முழு அளவையும் வாங்கிவிட்டது. அதன் பிறகு ஒரே உள்ளாடையை விளக்கறைக்கென்றே பையில் தனியாக வைத்துவிட்டேன். நீங்கள் முதல் நாளே அப்படிச் செய்யுங்கள்.

நகையும் இப்படித்தான். சித்தி தாலிச் சங்கிலியைக் கழற்ற மாட்டேன் என்றார். செவிலியர் பொறுமையாக, "கழற்ற வேண்டாம் அம்மா, ஆனால் எப்போதும் ஒரே இடத்தில் கிடக்கட்டும்" என்று சொல்லி, பின்னங்கழுத்தில் சங்கிலியை ஒரு சிறு நாடாவால் ஒட்டிவிட்டார். அரைஞாண் கயிறு, காப்பு, மோதிரம் எதுவானாலும் போடுவதென்றால் எப்போதும் போடுங்கள், இல்லையென்றால் எப்போதும் வேண்டாம்.

முடியை மறந்துவிடுவார்கள். எங்கள் தெருப் பையன் ஒருவன் சிகிச்சையின் நடுவில் திருத்தணியில் மொட்டை போட்டுக்கொண்டு நேராக விளக்கறைக்குப் போனான். நல்லவேளையாகச் செவிலியர் பார்த்துத் தலையில் துணி கட்டிவிட்டார். நேர்த்திக்கடன் இருந்தால் தொடங்கும் முன்பே முடித்துவிடுங்கள், அல்லது சுற்று முடியட்டும். முடியை ஒட்ட வெட்டினாலும் பின்கழுத்தும் காதும் புதிதாக வெளியே வரும், சொல்லுங்கள்.

இரவில் தொட்டுப் பார்ப்பது

ஒளியின் சிவப்பு உடனே தெரியாது. சில மணி நேரத்துக்குப் பிறகு தொடங்கி ஒரு நாளுக்குள் உச்சத்துக்கு வரும். வெள்ளைத் தோலுக்கு எழுதப்பட்ட கையேடுகள் 'சிவந்தால் நிறுத்து' என்று சொல்கின்றன. நம் மாநிறத்திலும் கருநிறத்திலும் சிவப்பு கண்ணுக்குச் சரியாகத் தெரிவதில்லை. அதனால் படுக்கப் போகும் முன் புறங்கையை முதுகிலும் வயிற்றிலும் வைத்துப் பாருங்கள். வழக்கத்தைவிடச் சூடாக இருக்கிறதா, சட்டை உரசினால் கூசுகிறதா, படை இல்லாத இடத்திலும் அரிக்கிறதா? நோட்டில் எழுதுங்கள். ஒரு நாளில் தணிந்துவிட்டால் பயமில்லை. மறுநாளும் இருந்தால் அளவை ஏற்றக் கூடாது. வலியோ கொப்புளமோ இருந்தால் ஆறும்வரை விளக்கே வேண்டாம். "முதுகு எரிந்தது" என்று செவிலியரிடம் சொல்லாமல் உள்ளே போகக் கூடாது.

விட்டுப்போன நாட்களுக்கும் கணக்கு உண்டு. ஒரு வாரத்துக்குள் என்றால் பழைய அளவையே கொடுப்பார்கள். ஒன்றிலிருந்து இரண்டு வாரம் என்றால் ஏறக்குறைய கால் பங்கு குறைப்பார்கள். இரண்டு மூன்று வாரம் என்றால் பாதி. அதற்கு மேல் போனால் முதலிலிருந்து. மையத்துக்கு மையம் சிறிது மாறும். ஊருக்குப் போகும் தேதியை முன்பே சொல்லிவிடுங்கள்.

வெளியே இருக்கும் வெயில்

விளக்கு நாளன்று சென்னை வெயிலும் சேர்ந்தால் அளவு கைமீறும். பெசன்ட் நகர் கடற்கரையில் மாலை நடந்தால் ஒன்றும் ஆகாது. பகல் பதினோரு மணிக்கு இருசக்கர வண்டியில் அண்ணா சாலையில் போவது வேறு. முழுக்கைச் சட்டை, குடை, முகத்துக்குச் சன்ஸ்கிரீன். 'விளக்குக்குப் போக முடியவில்லை, மொட்டை மாடியில் நின்றுகொள்கிறேன்' என்று ஈடுசெய்ய முயலாதீர்கள். சூரியனில் சுடும் அலைகளும் கலந்தே வருகின்றன, அளவும் தெரியாது. எலுமிச்சைச் சாறு, அத்திப் பால் இரண்டையும் தோலில் படவிடாதீர்கள். அவற்றிலும் ஒளியோடு சேர்ந்து தோலைச் சுடும் பொருள் இருக்கிறது. சாறு பிழிந்தால் கையைக் கழுவிவிட்டுத்தான் வெயிலில் இறங்க வேண்டும்.

செதில் தடித்திருந்தால் அது ஒளியைத் திருப்பிவிடும். சில மையங்களில் நிற்கும் முன் மினரல் ஆயிலோ தேங்காய் எண்ணெயோ மெல்லியதாகத் தடவச் சொல்வார்கள். சொன்னால் மட்டும் தடவுங்கள். ஒவ்வொரு முறையும் அதே எண்ணெய், அதே அளவு. செதிலை நகத்தால் பிய்க்காதீர்கள். காயம்பட்ட இடத்தில் புதிய படை முளைப்பது இந்த நோயின் குணம்.

பலன் எப்போது தெரியும்

எட்டுப் பத்து முறைக்குள் செதில் மெலியும். பிறகு மேடு தணியும். நிறம் கடைசியில்தான் மாறும்: படை இருந்த இடம் வெளுத்தோ கறுத்தோ சில மாதம் நிற்கும், அது நோய் அல்ல. தடவிப் பாருங்கள். வழுவழுப்பாக இருந்தால் குணமாகிவிட்டது. மாலையில் வீட்டைப் பெருக்கும்போது செதில் குறைகிறதா என்று பாருங்கள். என் அம்மா, கண்ணாடியில் நான் பார்ப்பதற்கு ஒரு வாரம் முன்பே, "இன்று உன் கட்டிலுக்கடியில் ஒன்றுமே இல்லையே" என்றார். இருபது முறைக்குப் பிறகும் அசைவே இல்லை என்றால் மருத்துவரிடம் வெளிப்படையாகக் கேளுங்கள். மருந்தைச் சேர்ப்பதா, மாற்றுவதா, நோய் எதிர்ப்பின் குறிப்பிட்ட கண்ணியை மட்டும் தடுக்கும் உயிரியல் ஊசிகளுக்குப் போவதா என்று அவர் பேசுவார்.

உடல் முழுக்க நிறம் கறுக்கும். கல்யாணப் பேச்சு நடக்கும் வீடுகளில் இதற்காகவே பெண்களைப் பாதியில் நிறுத்திவிடுகிறார்கள். எனக்கு இது மிகவும் வருத்தம் தருகிறது. விளக்கை நிறுத்தினால் அந்தக் கறுப்பு சில மாதங்களில் தானே இறங்கிவிடும். அதற்காக நோயை உடம்பில் விட்டுவைக்கச் சொல்கிறவர்களின் பேச்சைக் கேட்காதீர்கள்.

முப்பது முறை போக முடியாதவர்களுக்கு வீட்டிலேயே வைக்கும் கருவியும் உண்டு. நெதர்லாந்தில் 2009-இலும் அமெரிக்காவில் 2024-இலும் வெளிவந்த ஆய்வுகளில், மேற்பார்வையோடு வீட்டில் எடுத்தவர்களுக்கும் மருத்துவமனையில் எடுத்தவர்களுக்கு ஈடான பலன் கிடைத்தது. மேற்பார்வையோடு என்பதை விட்டுவிடாதீர்கள். இணையத்தில் மலிவாக வாங்கி, நேரத்தை நாமே கூட்டிக்கொள்வது அது அல்ல.

தெளிந்த தோல் பல மாதம் அப்படியே இருக்கலாம், பிறகு திரும்பவும் வரலாம். தொண்டைப் புண், மன அழுத்தம், புகை, மது, திடீரென நிறுத்திய மருந்து எல்லாம் அதைக் கூப்பிடும். திரும்பி வந்தால் முதல் படை ஒரு ரூபாய் நாணயம் அளவில் இருக்கும்போதே போய்விடுங்கள். பழைய நோட்டையும் எடுத்துப் போங்கள். வாழ்நாளில் இதுவரை எத்தனை முறை நின்றீர்கள், கடைசியில் எவ்வளவு தாங்கினீர்கள், எந்த மாத்திரையோடு என்று எந்த மையத்தில் கேட்டாலும் அதில் பதில் இருக்கும்.